வழக்குரைத்தலும் குருதிவேட்கையும்: இருட் காதற்கதைகளை மட்டக்களப்புக் கண்ணகி மரபினூடாக நோக்கல்

1. தோற்றுவாய்

காதல், வஞ்சம், அதிகாரம் ஆகிய மூன்றும் பின்னிப் பிணைந்த கதைகள் எல்லா மொழிகளிலும் உண்டு. அவற்றுள் ஒரு வகை, காதலர் இருவரில் ஒருவரைக் குருதியுண்ணும் பேயாகப் படைத்துக்கொள்வது. மேலைநாட்டில் இருநூறு ஆண்டுகளுக்கு மேலாக வழங்கிவரும் இவ்வகை, திரைப்படத்தாலும் மொழிபெயர்ப்பாலும் தழுவலாலும் தமிழ் வாசகரிடத்தும் வந்து சேர்ந்துள்ளது. 'இரத்தக் காட்டேரிக் கதைகள்' என்று பெயரிட்டு இவற்றை ஒதுக்கிவிடுதல் எளிது. ஆயின், இளைய வாசகர் பலர் விரும்பிப் படிக்கும் ஒன்றை ஆராயாது விடுதல் திறனாய்வுக்கு அழகன்று. அச்சமும் இன்பமும் தருதல் மட்டுமே இக்கதைகளின் பணியாயின், இவை இத்துணைக் காலம் நிலைத்திரா. ஒருவர் மற்றொருவர்மீது கொள்ளும் ஆதிக்கம் எவ்விடத்திற் காதல் எனப் பெயர் பெறுகின்றது என்னும் வினா இவற்றின் உள்ளே கிடக்கின்றது. அவ்வினாவே இவற்றை வாழவைக்கின்றது எனலாம்.

இவ்வினாவுக்கு விடை காண்பதற்கு மேலைத்தேய அளவுகோல்களை மட்டும் நாம் நம்பியிருக்க வேண்டியதில்லை. வஞ்சிக்கப்பட்ட பெண், அவளது அழிக்கும் ஆற்றல், அவ்வாற்றலின் முன் ஊரும் அரசும் நிற்கும் நிலை ஆகியவற்றை நெடுங்காலமாகப் பாடியும் ஆடியும் வந்த ஒரு மரபு மட்டக்களப்பு வாவியின் இரு கரைகளிலும் உயிரோடு உள்ளது. கண்ணகி வழக்குரையும் அதனோடு இயைந்த சடங்குகளுமே அம்மரபு. இரண்டையும் அருகருகே வைத்து நோக்கின், இருட் காதற்கதைகளின் வலுவும் குறையும் ஒருங்கே புலனாகும். இருளாற்றல் உடையவராகச் சாற்றப்பட்டவரும், அவ்வாற்றலால் ஊறுபட்டவரும் தம் வழக்கை உரைக்க இடம் பெறுகின்றனரா, அவ்வுரையைக் கேட்போர் அதற்குப் பொறுப்பேற்கின்றனரா என்பதே நாம் இங்குக் கையாளும் அளவை.

2. மேலைநாட்டு வளர்ச்சியும் சாட்சியும்

இவ்விலக்கிய வகைக்கு ஆங்கில உரைநடையில் தொடக்கம் தந்தது 1819இல் வெளிவந்த ஜோன் பொலிடோரியின் 'வாம்பயர்' என்னும் சிறுகதை. அதில் வரும் ருத்வென் பிரபு செல்வமும் குலப்பெருமையும் வாய்ந்தவன். பேய்த்தன்மையும் அதிகாரமும் அவனிடத்தில் ஒன்றாகவே உறைகின்றன. அவனது இயல்பை அறிந்தவன் ஓப்ரி என்னும் இளைஞன் ஒருவனே. ஆனால், ஓராண்டும் ஒரு நாளும் வாய் திறப்பதில்லை என்று அவனிடம் முன்னரே ஆணை பெற்றுவிடுகின்றான் ருத்வென். அக்காலம் முடியுமுன் ஓப்ரியின் தங்கையையே மணந்து அவளது குருதியைக் குடித்து மறைகின்றான். இக்கதையின் உண்மையான கொடுமை குருதி குடித்தலைவிட அந்த ஆணையிலேயே உள்ளது. சான்றாளன் இருக்கின்றான், சாட்சியம் இல்லை. அதிகாரம் முதலில் நாவைக் கட்டுகின்றது; பின்னரே கழுத்தைக் கடிக்கின்றது.

1872இல் வந்த லெ ஃபானுவின் 'கார்மில்லா'வில் ஊறுபட்ட பெண்ணாகிய லோராவே கதைசொல்லி. அன்பும் அச்சமும் பிரிக்கவியலாது கலந்த அவளது குரலே அப்படைப்புக்கு இன்றும் உயிர் கொடுக்கின்றது. ஆயினும் கார்மில்லாவின் முடிவில் ஓர் ஆணைக்குழு கூடுகின்றது, அறிக்கை எழுதப்படுகின்றது, வந்தோர் ஒப்பமிடுகின்றனர், பேழையிற் கிடந்தவளின் மார்பில் முளை இறக்கப்படுகின்றது. நீதிமன்றத்தின் வடிவம் முழுவதும் அங்குண்டு. குற்றஞ்சாட்டப்பட்டவளின் சொல் மட்டும் இல்லை.

1897இல் வெளிவந்த பிராம் ஸ்ரோக்கரின் 'டிராக்குலா' இதனை மேலும் தெளிவாக்குகின்றது. நாட்குறிப்புக்கள், கடிதங்கள், செய்தித்தாள் நறுக்குகள் ஆகியவற்றின் தொகுப்பாக அந்நாவல் அமைந்துள்ளது. வேட்டையாடுவோர் அனைவரும் எழுதுகின்றனர். டிராக்குலாவுக்கோ, தொடக்கத்தில் வரும் வரவேற்புக் கடிதம் போன்ற சிறு குறிப்புகளன்றி வேறு ஏடு இல்லை. லூசி என்னும் பெண் உயிரோடிருந்த காலத்து எழுதியவை இடம்பெறுகின்றன. அவள் பேயான பின் அவளுக்கு எழுத்தில்லை. அவளை மணக்கவிருந்தவனே அவள் மார்பில் முளையடிக்கின்றான். அதனை அன்பின் செயலாகவே நாவல் காட்டுகின்றது. பேயாக்கப்பட்டவளுக்கும் ஒரு சொல் இருந்திருக்கலாம் என்ற எண்ணம் அந்நாவலின் எந்தப் பாத்திரத்துக்கும் தோன்றவில்லை.

இந்நிலை 1976இல் மாறுகின்றது. ஆன் றைசின் 'வாம்பயருடன் ஒரு நேர்காணல்' என்ற நாவலில் பேயே வாய் திறக்கின்றது. லூயி என்பவன் தன் கதையை ஓர் இளைஞனுக்கு இரவு முழுவதும் உரைக்கின்றான். இம்மாற்றம் இவ்வகை வரலாற்றிற் பெருந்திருப்பம் எனின் மிகையாகாது. ஆயினும் இரண்டு செய்திகள் மனங்கொளத்தக்கன. முதலாவது, அந்நாவலில் மிகப் பெரிய வழக்கை உடையவள் குளோடியா. சிறுமியாக இருக்கையிலேயே பேயாக்கப்பட்டு, முதிர்ந்த உள்ளத்தோடு வளரா உடலில் அடைபட்டவள் அவள். அவளது வழக்கு லூயியின் வாய்மொழியாகவே நம்மை வந்தடைகின்றது. இரண்டாவது, இரவு முழுவதும் கேட்டிருந்த இளைஞன் இறுதியிற் கேட்பது தன்னையும் பேயாக்கும்படியே. சாட்சியத்தைக் கேட்டவன் தீர்ப்பு நினையவில்லை. அதிகாரத்திற் பங்கு வேண்டுகின்றான். அவன் கேட்பது கண்டு லூயி சினங்கொள்வதை ஆசிரியர் காட்டுவது அவரது நேர்மைக்குச் சான்று. அவருக்குப் பின் வந்தோர் பலர் அச்சினத்தை மறந்தனர். 2005இல் தொடங்கிய ஸ்ரெபனி மேயரின் 'ருவைலைட்' வரிசையில், இரையாகக்கூடியவளே கதைசொல்லியாகின்றாள். அவளது விருப்பமும் பேயாதலே. 2008இல் வந்த நான்காம் நூலில் அது நிறைவேறுகின்றது. வஞ்சம் என்ற சொல்லுக்கே அங்கு இடமில்லாது போகின்றது.

3. தமிழ் மரபிற் பேயும் வழக்கும்

தமிழில் 'வாம்பயர்' என்பதற்கு வழங்கும் சொல்லே ஆராயத்தக்கது. காட்டேரி என்பது தமிழ் மக்கள் பல இடங்களில் வழிபட்டுவரும் ஒரு சிறு தெய்வத்தின் பெயர். குருதிவேட்கை உடையவளாக அஞ்சப்படும் அவளே படையல் பெற்றுக் காப்பவளாகவும் கருதப்படுகின்றாள். அச்சத்துக்குரியதை அழித்தொழிக்காது, அதனோடு உடன்பாடு காணும் மனப்பாங்கு இது. மறுதலையாக, றிச்சர்ட் பேர்ட்டன் 1870இல் வேதாளக் கதைகளை ஆங்கிலத்தில் தழுவி எழுதியபோது வேதாளத்தை 'வாம்பயர்' எனப் பெயரிட்டார். பெயர் பொருந்தியது போலத் தோன்றினும் தொழில் பொருந்தவில்லை. வேதாளம் எவருடைய குருதியையும் கேட்பதில்லை, தீர்ப்பையே கேட்கின்றது. ஒவ்வொரு கதையின் முடிவிலும் அரசனிடம் ஒரு வழக்கை வைக்கின்றது. விடை அறிந்தும் உரையாதிருப்பின் அவன் தலை வெடிக்கும். அறிந்தும் வாய் திறவாதிருத்தலே அங்குக் குற்றம். ஓப்ரியின் நாவைக் கட்டிய ருத்வெனோடு இதனை ஒப்பிட்டால் வேறுபாடு தானே விளங்கும்.

பேயையும் காதலையும் ஒருங்கே கண்ட மரபு தமிழில் மிகத் தொன்மையானது. போரிற் புண்பட்டுக் கிடக்கும் கணவனைப் பேய் தீண்டாது மனைவி காத்து நிற்கும் நிலையைத் தொல்காப்பியம் தொடாக்காஞ்சி எனத் துறைப்படுத்துகின்றது. புறநானூற்று 281ஆம் பாட்டில், மனையில் வேம்பு செருகி, யாழிசைத்து, ஐயவி சிதறிப் புண்பட்டோனைக் காக்க முனையும் பெண்டிரைக் காண்கின்றோம். குருதி நாடி வரும் பேயின் முன் அன்பு காவலாக நிற்கின்றது. பிற்கால மேலைக் கதைகளில் அன்பே அப்பேய்க்குக் கதவு திறந்துவிடுவதாக மாறிவிட்டமை ஒப்புநோக்கத்தக்கது.

பழையனூர் நீலியின் கதை இங்கு நேரடியாகப் பொருந்துவது. ஞானசம்பந்தரின் திருவாலங்காட்டுப் பதிகத்திலேயே இதன் குறிப்பு உண்டு. வழங்கும் கதையின்படி, காசிக்குச் சென்ற ஒருவன் அங்கே ஒருத்தியை மணந்து அழைத்துவருகையில், ஊரிலுள்ள முதல் மனைவிக்கு அஞ்சி, ஆலங்காட்டருகே அவளைக் கொன்றுவிடுகின்றான். மறுபிறவியில் அவன் வணிகனாகவும் அவள் நீலி என்னும் பேயாகவும் தோன்றுகின்றனர். கள்ளிக்கொம்பைக் குழந்தையாக்கி இடுப்பில் ஏந்தி, 'இவன் என் கணவன்' என்று அவள் பழையனூர் வேளாளர் அவையில் முறையிடுகின்றாள். வணிகன் அஞ்சி மறுக்கின்றான். அவையத்தார் எழுபதின்மர், அவன் உயிருக்குத் தம் உயிரைப் பிணையாக வைத்து இருவரையும் ஓரில்லத்தில் தங்கச் செய்கின்றனர். விடியுமுன் அவன் உயிர் போகின்றது. எழுபதின்மரும் சொன்ன சொற்படி தீப்புகுந்து மாய்கின்றனர்.

நீலி பொய்யுரைத்தாளா? இப்பிறவிக்கு அது பொய்; முற்பிறவிக்கு அது மெய். அவளது உரையில் வஞ்சம் உண்டு, உரிமையும் உண்டு. இவ்விரண்டையும் பிரித்தறிய அவையால் இயலவில்லை. ஆயினும் அவை தன் தீர்ப்புக்குத் தானே பொறுப்பேற்றது. நீலி கதையைப் பெண்ணின் கொடுமைக்கு எடுத்துக்காட்டாக மட்டும் கூறுவோர் கதையின் முற்பாதியை மறைத்தே கூறுகின்றனர். 'நீலி' என்னும் சொல் வசையாக நிலைத்துவிட்டது. ஆலங்காட்டுக் காட்டில் முதலில் நிகழ்ந்த கொலைக்கு அவ்வாறு நிலைத்த சொல் எதுவும் இல்லை.

4. 'பாயோடு ஒட்டுதல்'

ஒரு பெண்ணுக்கு நேர்ந்த இப்பெயரிடல் ஒரு பிரதேசம் முழுவதற்குமே நேர்தல் கூடும். மட்டக்களப்பு அதற்கு எடுத்துக்காட்டு. அங்கே செல்லும் ஆடவனைப் பாயோடு ஒட்டவைத்து விடுவார்கள் என்பது இலங்கைத் தமிழரிடையே நெடுங்காலமாக வழங்கும் கூற்று. மந்திரத்தாலோ மருந்தாலோ அயலூர் இளைஞனை மயக்கி ஊர் திரும்பாது தடுக்கும் ஆற்றல் அப்பெண்டிர்க்கு உண்டென்பது அதன் உட்பொருள். வேடிக்கையாகவே இது கூறப்படினும், இருட் காதற்கதைக்குரிய கூறுகள் யாவும் இதனுள் அடங்கியுள்ளன. வெளியூரிலிருந்து வருபவன், அழகால் ஈர்ப்பவள், தப்பவியலாத கட்டு ஆகிய மூன்றும் இதில் உண்டு. பேயின் இடத்தில் பெண் நிற்கின்றாள் என்பதே வேறுபாடு.

இக்கூற்றுக்கு அடிப்படை மந்திரத்தில் அன்றிச் சமூக அமைப்பில் உள்ளது என்பது எமது கருத்து. மட்டக்களப்புத் தமிழரிடையே குடி தாய்வழியே கணிக்கப்படுவது மரபு. கோயில் உரிமைகளும் அவ்வழியே வந்தன. வீடும் வயலும் பெண்ணுக்குச் சீதனமாகச் செல்ல, மணமகன் அவளது இல்லத்திற் குடிபுகுதல் வழக்கம். கிறிஸ்ரோபர் பிறிற்றோ 1876இல் வெளியிட்ட முக்குவர் சட்ட நூல் அக்காலத்து உரிமைவழிகளைப் பதிவு செய்துள்ளது. டெனிஸ் மக்கில்வ்ரே 2008இல் வெளியிட்ட விரிவான ஆய்வு, இக்குடிமுறை தமிழரிடத்தும் முஸ்லிம்களிடத்தும் அமைந்துள்ள பாங்கை விளக்குகின்றது. இத்தகைய சமூகத்திற் பெண்ணெடுத்த அயலூரான் திரும்பாமை வியப்புக்குரியதன்று. அவனுக்குரிய வீடு அங்கேயே உள்ளது. வயலும் அங்கேயே உள்ளது. பெண்ணுக்குரிய நிலவுரிமை தனக்குப் பழக்கமில்லாத முறையில் அமைந்திருத்தலைக் கண்ட வெளியூர்க் கண், அதனை மயக்கு என்று மொழிபெயர்த்துக்கொண்டது.

இதனை நாம் இங்குக் குறிப்பிடுதற்குக் காரணம் உண்டு. டிராக்குலாவின் அதிகாரம் அவனது கோட்டையிலிருந்து பிறக்கின்றது. இருட் காதற்கதையின் நாயகி எப்பொழுதும் ஆணின் மாளிகைக்குச் செல்பவள். அவ்வாசலைக் கடந்தபின் அவளுக்குச் சொந்த நிலம் இல்லை. அவளது அச்சத்துக்கும் மயக்கத்துக்கும் அது ஒரு பெருங்காரணம். காலடியில் நிலமுள்ள பெண்ணைப் பற்றி அதே கதையை எழுத இயலாது. எழுத முயலின் அது 'பாயோடு ஒட்டவைத்தல்' என்னும் வசையாக மாறிவிடுகின்றது. காதலில் யாரிடத்து அதிகாரம் உள்ளது என்பது உள்ளங்களின் செய்தி மட்டுமன்று. வீடு யாருடையது என்பதன் செய்தியுமாகும்.

5. வழக்குரையும் குளிர்த்தியும்

வாவியின் எழுவான்கரையிலும் படுவான்கரையிலும் தெற்கே அம்பாறைக் கரையோரத்திலும் கண்ணகியம்மன் கோயில்கள் பலவுள. காரைதீவு, தம்பிலுவில், செட்டிபாளையம், ஆரையம்பதி, எருவில் ஆகியன அவற்றுட் சில. வைகாசித் திங்களிற் கதவு திறந்து சடங்கு நிகழ்கின்றது. கலியாணக்கால் நாட்டி, வழக்குரை ஏட்டைப் படித்து, இறுதியிற் குளிர்த்தி பாடி முடிப்பர். சடங்கிற் படிக்கப்பெறும் கண்ணகி வழக்குரையைப் பண்டிதர் வி. சீ. கந்தையா 1968இற் பதிப்பித்து வெளியிட்டார். சிலப்பதிகாரத்தோடு கதைத்தொடர்பு உடையதாயினும், நூலின் பெயரே அதன் நோக்கை வேறுபடுத்துகின்றது. சிலம்பு என்னும் பொருளைவிட வழக்குரைத்தல் என்னும் செயலே இங்குத் தலைமை பெறுகின்றது.

கோவலன் கதையின் பிற்கால வழக்குகள் பலவற்றிற் கண்ணகி பாண்டியன் மகளாகவே தோன்றிப் பேழையிலிடப்பட்டு நீரில் விடப்படுகின்றாள். சிங்களப் பத்தினி மரபிலும் அவள் மாங்கனியிற் பிறந்து பாண்டியனால் விலக்கப்பட்டவள். ஆதலின், அவள் அவையில் எதிர்கொள்ளும் அரசன் அவளைப் பிறப்பிலேயே கைவிட்ட அதிகாரமுமாகின்றான். கணவன் வஞ்சித்தமை, பொற்கொல்லன் வஞ்சித்தமை, அரசன் வஞ்சித்தமை ஆகியன ஒன்றன்மேலொன்றாக அடுக்கப்பட்டுள்ளன. அன்பு முறிந்த இடத்தில் அதிகாரம் நுழைகின்றது. அதிகாரம் பிழைத்த இடத்தில் தீ எழுகின்றது.

இருட் காதற்கதையோடு ஒப்பிடத்தக்க ஒரு நிகழ்ச்சி இவ்விடத்து உண்டு. கொலையுண்ட கோவலன் எழுகின்றான். சிலப்பதிகாரத்தில் அவன் எழுந்து, மனைவியின் முகம் நோக்கி, கண்ணீர் மாற்றிப் பின் விண்புகுகின்றான். வழக்குரையில் இந்நிகழ்ச்சி உயிர்மீட்பு என்னும் தனிக்காதையாகவே விரிந்துள்ளது. இறந்த காதலன் எழுந்து வருதல் மேலைக் கதைகளிற் பெருங்கவர்ச்சி. அங்கு அவன் தங்கிவிடுகின்றான். அவன் நிலைத்திருத்தற்கு உயிருள்ளவளின் குருதி விலையாகின்றது. இங்கு அவன் தங்குவதில்லை, அவளும் தங்கவைப்பதில்லை. இறந்தவனை மீட்கும் ஆற்றல் உடையவள் அவ்வாற்றலைத் தன் இன்பத்துக்குப் பயன்படுத்தாது, அரசவை நோக்கி நடக்கின்றாள். காதல் இவ்விடத்தில் வழக்காக மாறுகின்றது. அந்த மாற்றமே இக்கதையைத் துயரக்கதை என்ற நிலையிலிருந்து நீதிக்கதை என்ற நிலைக்கு உயர்த்துகின்றது.

வழக்குக் கேட்டவுடன் அரசன் உயிர்விடுகின்றான். பழையனூர் அவையைப் போலவே இவனும் தன் தீர்ப்புக்குத் தானே விலை செலுத்துகின்றான். நகர் எரிந்த பின், சினந்தணியாத தெய்வத்தை என்செய்வது என்ற வினா எழுகின்றது. இவ்வினாவுக்கு டிராக்குலா நாவல் தரும் விடை மார்பில் அறையும் முளை. ருவைலைட் தரும் விடை திருமணம். மட்டக்களப்பு மரபு தரும் விடை குளிர்த்தி. சினம் பிழையென மறுக்கப்படவில்லை; அது அழகென்று மயங்கிப் போற்றப்படவும் இல்லை. 'உன் வழக்கு மெய், நாங்கள் கேட்டோம், இனிக் குளிர்க' என்பதே குளிர்த்திப் பாடலின் உட்கிடை எனக் கொள்ளலாம். வெப்புநோயும் வறட்சியும் அவளது ஆறாச் சினத்தின் குறிகளாகக் கருதப்பட்டமையால், இக்குளிர்வித்தல் ஊரின் உடல்நலத்தோடும் வயலோடும் இணைந்தது. ஒருத்திக்கு இழைத்த வஞ்சம் ஊர் முழுவதன் நோயாகும் என்னும் கருத்து, காதலை இருவரது தனியுலகமாகக் காணும் புனைகதைகளுக்கு முற்றிலும் அயலானது.

கொம்பு விளையாட்டும் இவ்வகையிற் சேர்த்து நோக்கத்தக்கது. ஊரார் கோவலன் கட்சி, கண்ணகி கட்சி என இரண்டாகப் பிரிந்து, வளைந்த கொம்புகளைக் கொளுவி இழுப்பர். ஒரு கொம்பு முறியும்வரை போட்டி நீளும். கணநாத் ஒபேசேகர 1984இல் வெளியிட்ட பத்தினி வழிபாடு பற்றிய பெருநூல், இதனோடொத்த சிங்களர் சடங்கையும் சேர்த்து விரிவாக ஆராய்ந்துள்ளது. அவரது உளவியல் விளக்கங்கள் யாவற்றையும் நாம் ஏற்க வேண்டியதில்லை. ஆயினும் ஒன்று தெளிவு. கணவன் மனைவியரிடை உள்ள வஞ்சத்தையும் பிணக்கையும் மறைக்காது, ஊர் நடுவே கொணர்ந்து, வெற்றி தோல்வி காணும்படி விடுகின்றது இவ்விளையாட்டு.

6. சில தடைகளும் விடைகளும்

சடங்கோடு இயைந்த பனுவலையும் பொழுதுபோக்கு நாவலையும் ஒப்பிடுதல் முறையாகுமா எனச் சிலர் வினவக்கூடும். பயன்பாடு வேறாயினும் இரண்டும் கேட்போரின் உள்ளத்தில் ஒரு மனப்பழக்கத்தை வளர்க்கின்றன. அதிகாரத்தின் முன் நாம் எவ்வாறு நிற்கவேண்டும் என்பதனை இரண்டும் கற்பிக்கின்றன. ஆதலின் ஒப்பீடு முறையானதே.

மற்றொரு தடை வலியது. நம் மரபும் எல்லாருடைய வழக்கையும் கேட்கின்றதா என்பதே அது. கேட்கவில்லை என்பதனை ஒப்புக்கொள்ள வேண்டும். சிலப்பதிகாரத்தில் மாதவி கடிதம் எழுதுகின்றாள். அவளுக்கென ஓர் உள்ளம் உண்டு. வழக்குரையிலோ 'பொன்னுக்கு மறித்த காதை' அவளைப் பொன்னாசையின் உருவாக்கிவிடுகின்றது. கோவலனை மயக்கிக் கட்டியவள் என்ற படிமம் அவள்மீது சுமத்தப்படுகின்றது. வெளியூரார் மட்டக்களப்புப் பெண்டிர்மீது சாற்றிய அதே குற்றத்தை மட்டக்களப்பு ஏடு மாதவிமீது சாற்றுகின்றது. மேலும், கண்ணகியின் வழக்கு அரசனுக்கு எதிரானதே. கோவலனுக்கு எதிராக அவள் வாய் திறப்பதில்லை. ஏடு விட்ட இந்த இடத்தையே கொம்பு விளையாட்டு நிரப்புகின்றது எனக் கருத இடமுண்டு. பனுவலிற் கணவனை எதிர்த்து ஒரு சொல்லும் கூறாதவளுக்காக, விளையாட்டில் ஊரில் ஒரு பாதி அவனை எதிர்த்து இழுக்கின்றது.

மூன்றாவது தடை, இவை யாவும் பழங்கதை, இன்றைக்கு இவற்றால் என்ன பயன் என்பது. கிழக்கிலங்கையின் அண்மைக்கால வரலாறே இதற்கு விடை. 1990 செப்டெம்பர் 5ஆம் நாள், வந்தாறுமூலைக் கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் அடைக்கலம் புகுந்திருந்தோருள் 158 பேர் படையினராற் கொண்டுசெல்லப்பட்டுக் காணாமலாயினர். அடைக்கலக் காதையை ஆண்டுதோறும் படித்த நிலத்தில் அடைக்கலமே முறிந்தது. அப்பத்தாண்டில் மட்டக்களப்பு அம்மன் கோயில்களில் ஆய்வு செய்த பற்றீசியா லோறன்ஸ் 2000இல் வெளிவந்த தம் கட்டுரையில், தெய்வமேறி வாக்குரைக்கும் பெண்களிடம் காணாமற் போனோரின் தாயரும் மனைவியரும் சென்று முறையிட்டமையை விளக்கியுள்ளார். முறையிட வேறு மன்றம் இல்லாத காலத்தில், அம்மன் வாசலே வழக்குரைக்கும் மன்றமாயிற்று. உரைத்தோர்க்கு இழந்தவர் மீளவில்லை. ஆயினும் உரைக்க ஓர் இடமும் கேட்க ஒரு செவியும் இருந்தன. அதிகாரம் நாவைக் கட்டிய இடத்தில் மரபு நாவை அவிழ்த்தது.

7. முடிவுரை

இதுகாறும் கூறியவற்றாற் பெறப்படுவன சில. குருதியுண்ணும் பேயைக் காதலனாகப் படைத்தல் தன்னளவிற் குறையன்று. கார்மில்லாவும் றைசின் நாவலும் அவ்வகையின் உயரிய ஆற்றலைக் காட்டுகின்றன. அவை உயர்வதற்குக் காரணம், ஊறுபட்டவரின் குரலோ ஊறுசெய்தவரின் குற்றவுணர்வோ அங்குச் சாட்சியமாக ஒலித்தலே. அச்சாட்சியம் நீங்கியவுடன், ஆதிக்கம் அன்பாகவும் வஞ்சம் விதியாகவும் தோற்றம் மாறுகின்றன. வாசகனும் அந்த இளைஞனைப் போலக் கேட்ட கதைக்குத் தீர்ப்புத் தேடாது, அதிகாரத்திற் பங்கு கேட்கத் தொடங்குகின்றான்.

தமிழில் இத்தகைய புனைகதைகளை எழுத முற்படுவோர் கோட்டையையும் பேழையையும் கடன்வாங்க வேண்டியதில்லை. பழையனூர் அவையும், பேசும் வேதாளமும், வாவிக்கரைக் குளிர்த்தியும் அவர்க்குப் போதிய பொருள் தரும். ஆனால் அப்பொருளோடு அதற்குரிய கடமையும் சேர்ந்தே வரும். நீலியை எழுதுவோர் ஆலங்காட்டுக் கொலையையும் எழுதவேண்டும். மயக்குபவளை எழுதுவோர் வீடு யாருடையது என்பதனையும் எழுதவேண்டும். மாதவிக்கு வழக்குரை மறுத்த இடத்தை இன்றைய எழுத்தாளர் ஒருவர் அளிப்பாராயின், அது மரபை மீறுவதாகாது. 'வழக்குரை' என்னும் அந்நூற்பெயர்க்கே பொருள் சேர்ப்பதாகும்.